விளாட் ராசாவின் நகைப்பை

ரத்தக் காட்டேரி அழுதுகொண்டிருந்தான்.

மண்டபத்தின் உடை மாற்றும் அறையில், ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து, இரண்டு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டு அழுதான். முகத்தில் பூசியிருந்த சிவப்பும் கறுப்பும் விரல் இடுக்கு வழியே வழிந்து சரிகைச் சட்டையில் சொட்டியது. ஒட்டு மீசை ஒரு பக்கம் கழன்று தொங்கியது. ஆயிரக்கணக்கான பேரைக் கழுவில் ஏற்றியவன் என்று பெயர் வாங்கிய மன்னனை இந்தக் கோலத்தில் பார்க்க எனக்கே பாவமாக இருந்தது.

“மேடம், ரத்தம் குடிக்கிறவருக்கு சுகர் லோ ஆயிடுச்சு போல,” என்றேன்.

தக்ஷாயினி திரும்பி ஒரு பார்வை பார்த்தார். “வாயைக் கொஞ்ச நேரம் சும்மா வைச்சிரும், அபிலாஷ். மேடம் எண்டும் கூப்பிடாதையும். பாங்க் கவுண்டரிலை நிக்கிற மாதிரிக் கிடக்கு.”

அபிலாஷ் நான்தான். ஊர் திருநெல்வேலி. ஆறு மாத புராஜெக்ட் என்று சொல்லி ஓஸ்லோவுக்கு அனுப்பிய கம்பெனி, என்னை அனுப்பியதையே மறந்துவிட்டது. இது இரண்டாவது பனிக்காலம். பகலில் கம்ப்யூட்டர், மற்ற நேரத்தில் தக்ஷாயினியின் துப்பறியும் நிறுவனத்தில் சம்பளம் இல்லாத உதவியாளன். நிறுவனம் என்றால் அவரும் அவருடைய பழைய டொயோட்டாவும்தான். யாழ்ப்பாணத்துக்காரர். இன்சூரன்ஸ் கம்பெனி ஒன்றில் பொய்யாக இழப்பீடு கேட்பவர்களைப் பிடிக்கும் வேலையைப் பல வருடம் பார்த்துவிட்டு, மனிதர்கள் மேல் மிச்சமிருந்த கொஞ்ச நம்பிக்கையையும் அங்கேயே ஒப்படைத்துவிட்டு வெளியே வந்தவர்.

2004 பிப்ரவரி, சனிக்கிழமை பிற்பகல். வெஸ்ட்லியில், பாதாள ரயிலின் கடைசி நிறுத்தத்துக்குப் பக்கத்தில், அடுக்குமாடிகளுக்கு நடுவே இருந்தது அந்த மண்டபம். வெளியே முழங்கால் அளவுக்குப் பனி. உள்ளே மத்தளம், மீசை, மரவாள், மீன் ரோல்ஸ் வாசனை. ஆறு மணிக்கு ‘கழுவேற்றி விளாட்’ நாட்டுக்கூத்து அரங்கேற வேண்டும். தள்ளிப்போடவும் முடியாது. வருகிற புதன் விபூதிப் புதன். அன்றைக்குத் தவக்காலம் தொடங்கிவிட்டால் இந்தக் கத்தோலிக்க வேதக்காரர்கள் ஆட்டபாட்டத்தைத் தொடமாட்டார்கள்.

எங்களைக் கூப்பிட்டவர் பேனாட் அண்ணாவியார். கூத்தைக் கட்டி, பாட்டெழுதி, பழக்கி, மேடையேற்றுகிறவரை அண்ணாவியார் என்பார்களாம். ஒல்லியான மனிதர். ஒரு பேக்கரியில் வேலை.

“ஏன் சார், ஊர்ல ராஜாவே கிடைக்கலையா? ருமேனியா வரைக்கும் போயிருக்கீங்க?” என்று கேட்டேன்.

“என்னோடை வேலை செய்யிற ருமேனியாக்காரன் சொன்ன கதை, தம்பி. துருக்கித் தூதுவர் தலைப்பாகை கழட்டேல்லை எண்டு, தலையோடை சேத்து ஆணி அடிச்சவனாம் இந்த விளாட். கழுமரங்களை நட்டுப்போட்டு அதுக்கு நடுவிலை மேசை போட்டுச் சாப்பிட்டவனாம். பேந்து வந்த சனம் அவனை ரத்தக் காட்டேரி ஆக்கிப்போட்டுதுகள். கேட்ட உடனை எனக்கு விளங்கீற்றுது, இவன் எங்கடை கூத்துக்கெண்டே பிறந்தவன் எண்டு. கொடுங்கோல் ராசா இல்லாமல் எங்கடை கூத்திலை எந்த வேதசாட்சி செத்தவர்?”

“கதையை விடுங்கோ. நகைப்பையைச் சொல்லுங்கோ,” என்றார் தக்ஷாயினி.

அண்ணாவியாரின் முகம் சுருங்கிப்போனது.

அவர்கள் ஊர்க் கூத்தில் ஒரு வழக்கம். ராசா வேடம் கட்டுகிறவன் பித்தளை போட்டு ஆடக்கூடாது. ஊர்ப் பெண்கள் தங்கள் சொந்தத் தங்கத்தைக் கொடுத்து அவனை ராசாவாக்க வேண்டும். யார் எவ்வளவு கொடுத்தார் என்று தெரிந்தால் ஊர் இரண்டுபடும் என்பதால், ஒவ்வொரு பெண்ணும் தனியாக உள்ளே போய், அந்தோனியார் சுரூபத்துக்கு முன்னால் இருக்கும் சிவப்பு வெல்வெட் பைக்குள் நகையைப் போட்டுவிட்டு வருவாள். வேறொருவர் பார்க்கக்கூடாது. கடைசியில் அண்ணாவியார் கண்ணை மூடிக்கொண்டு பையை நூலால் கட்டுவார். கூத்தன்றுதான் பெண்கள் முன்னிலையில் அவிழ்ப்பார். கூத்து முடிந்ததும் அவரவர் தங்கள் தங்கத்தை அடையாளம் கண்டு எடுத்துக்கொள்வார்கள்.

“எங்க ஊர்ல உண்டியல். இங்க உண்டியலுக்கு வெல்வெட் சட்டை,” என்றேன். யாரும் சிரிக்கவில்லை.

நேற்று ஒத்திகை முடிந்து பார்த்தால் பை இல்லை. மண்டபத்தையே கவிழ்த்துத் தேடினார்கள். கிடைக்கவில்லை. இன்று மத்தியானம், ராசா வேடக்காரன் கஜரூபனின் ஸ்போர்ட்ஸ் பையில், பாதி திறந்த சிப்புக்கு மேலே சிவப்பு வெல்வெட் எட்டிப் பார்த்தது.

“நூல் அறுந்திருந்தது. ஆனால் நான் உள்ளுக்குப் பாக்கேல்லை. அந்தோனியார் அறிய, உடனை என்ரை லேஞ்சியாலை கட்டிப்போட்டன்,” என்றார் அண்ணாவியார். லேஞ்சி என்றால் கைக்குட்டை.

“வேறை ஆரும் பாத்தவையோ?”

“ஒருத்தரும் இல்லை. பெண்டுகள் வந்தாப்பிறகுதான் திறக்கலாம்.”

தக்ஷாயினி காட்டேரிக்கு முன்னால் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். “கஜரூபன், நிமிர்ந்து பாரும். எடுத்தனீரோ?”

“இல்லை அக்கா.” முப்பது வயதிருக்கும் அவனுக்கு. குரல் மட்டும் அழுகையிலும் கணீரென்று இருந்தது. “லில்லெஸ்ட்ரோமிலை இருந்து ரயிலிலை வரேக்கை பையுக்குள்ளை துவாயும் சப்பாத்தும்தான். இஞ்சை வைச்சிட்டு மேக்கப் போடப் போனனான். வந்து பாக்க எல்லாரும் என்னைச் சுத்தி நிக்கினம்.”

“உம்மடை விசா அலுவல் என்ன மாதிரி?”

“ஒருக்கா நிராகரிச்சுப் போட்டினம். இப்ப அப்பீலிலை கிடக்கு. ஊரிலை சமாதானமாம், திரும்பிப் போகலாமாம்.” அவன் மூக்கை உறிஞ்சினான். “எங்கடை அண்ணனைக் கொண்டுபோன ஆக்கள் இன்னும் அங்கைதான் அக்கா திரியினம். இப்ப பொலிஸிலை என்ரை பேரிலை ஒரு களவு விழுந்தால் அப்பீல் முடிஞ்சுது. நேரை பிளேன்தான்.”

எனக்கு ஜோக் எதுவும் வரவில்லை. வந்தாலும் சொல்லியிருக்க மாட்டேன்.

கதவு படாரென்று திறந்தது. சங்கத் தலைவர் ஸ்ரனிஸ்லாஸ். பஸ் டிரைவர். அந்த உடம்புக்குக் கதவை முழுசாகத் திறந்தால்தான் சரிப்படும்.

“தங்கச்சி, ஆறு மணிக்குச் சனம் வரும். அதுக்குள்ளை ஒரு முடிவு சொல்லும். இல்லாட்டில் நான் பொலிசுக்குப் போன் அடிக்கிறன். என்ரை எமிலியின்ரை சங்கிலியும் அதுக்குள்ளை கிடக்கு.”

“பைதான் கிடைச்சிட்டுதே, அண்ணை.”

“கள்ளனும் கிடைச்சிட்டான். அவனை விடச் சொல்லுறீரோ? வேதக்காரற்றை கூத்துக்குச் சைவப் பொடியன் ராசாவோ எண்டு நான் அண்டைக்கே கேட்டனான். குரல் குரல் எண்டு அண்ணாவியார் துள்ளினார். இப்ப குரலை வைச்சு என்ன செய்யிறது?”

போன வேகத்தில் கதவு மறுபடி படார் என்றது. என் மனசுக்குள் ஒரு பெயருக்குக் கீழே கோடு போட்டுக்கொண்டேன்.

பின்னாலேயே இன்னொருவர் மெதுவாக வந்தார். வெளிர்நீல அங்கி, இடுப்பில் சுருக்குப்பை, கையில் இரண்டு தேநீர்க் கோப்பை. “குளிருக்கை வந்திருக்கிறியள், குடியுங்கோ. நான் ஜோர்ஜ். கூத்திலை வணிகன்.”

அந்த ஒரு காரியத்துக்காகவே அவரை எனக்குப் பிடித்துப்போனது. அந்த மண்டபத்துக்கு வந்து ஒரு மணி நேரத்தில் எங்களை மனிதராக மதித்த முதல் ஆள்.

“வணிகனுக்கு என்ன சார் சீன்?”

அவருக்கு முகம் மலர்ந்தது. “வணிகன்ரை காசுப்பை களவு போகுது தம்பி. ராசா கள்ளனைப் பிடிச்சுக் கழுவிலை ஏத்திப்போட்டு, பையைத் திருப்பிக் குடுக்கிறார். ஆனால் ஒரு தங்கக்காசு கூடப் போட்டுக் குடுக்கிறார். சோதனை. வணிகன் எண்ணிப் பாத்திட்டுப் பாடுவான்.” கோப்பைகளை எங்களிடம் கொடுத்துவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டு பாடினார்.

*ஒன்று கூட இருக்குது மன்னா – என்*
*உள்ளம் கூசிச் சொல்லுகிறேன் மன்னா.*

“ராஜா என்ன சொல்வார்?”

ஜோர்ஜ் சட்டென்று நிமிர்ந்தார். தோள் விரிந்தது. வேறு ஆளாகிவிட்டார்.

*உண்மை சொன்னாய் உயிர்பிழைத்தாய் – அதை*
*ஒளித்திருந்தால் கழுவிலே நீயும் கிடப்பாய்!*

“அட, ராஜா பாட்டும் தெரியுமா?”

“எல்லாப் பாட்டும் தெரியும். எத்தனை வருசமாப் பக்கத்திலை நிண்டு கேக்கிறன்.” அவர் குரலைத் தாழ்த்திக்கொண்டு தக்ஷாயினி பக்கம் திரும்பினார். “தங்கச்சி, பொலிஸ் வேண்டாம். பொடியன் பாவம். ஏதோ புத்தி கெட்டுப் போச்சு. ராசா வேசத்தை மட்டும் விட்டிட்டு வீட்டை போகட்டும். விசயத்தை இதோடை மூடிப்போடுவம். ஸ்ரனிஸ்லாஸ் அண்ணையோடை நான் கதைக்கிறன்.”

“நல்ல மனம் உங்களுக்கு,” என்றார் தக்ஷாயினி.

நானும் அதையேதான் நினைத்தேன்.

அவர் போனதும் தக்ஷாயினி பையை வாங்கிப் பார்த்தார். திறக்கவில்லை. கையில் தூக்கி எடை பார்த்தார். மடிப்பில் சிக்கியிருந்த வெள்ளை நூலை விரலில் சுற்றினார். பிறகு என்னை வாசல் நடைக்கு இழுத்துக்கொண்டு வந்தார். அங்கே கால்மிதியெல்லாம் பனிச் சப்பாத்துகளும் குட்டைத் தண்ணீருமாக இருந்தது.

“சொல்லும், ஆர்?”

“ஸ்ரனிஸ்லாஸ். இதுல என்ன சந்தேகம்? அந்தப் பையன் ராஜாவா ஆடறது அவருக்குப் பிடிக்கலை. பொலீஸ் பொலீஸ்னு குதிக்கிறார். பஸ் ஓட்டறவர், பையைக் கொண்டு போகவும் வரவும் வசதி.”

“கோபம் வந்தால் எல்லாருக்கும் முன்னாலை கத்துற ஆள் அவர். அப்பிடியான ஆள் ஒளிச்சுக் கிளிச்சு ஒண்டும் செய்யமாட்டார். பை எப்பிடிக் கிடந்தது எண்டு யோசியும். சிப் பாதி திறந்து, மேலாலை தெரியிற மாதிரி. ஒளிச்ச சாமான் அப்பிடியே கிடக்கும்?”

“யாரோ வச்சது.”

“ஓம். களவுக்கெண்டு எடுத்தவன் எண்டால் நகையை வேறை இடத்திலை வைச்சுப்போட்டு வெறும் பையை எறிஞ்சிருப்பான். பை கனமாத்தான் கிடக்கு. அப்ப இது பொடியனை மாட்டிவிட வைச்ச பை. அப்பிடி எண்டால் எனக்கு ஒண்டு விளங்கேல்லை. மாட்டிவிடுறவன் பையை அப்பிடியே கொண்டுபோய் வைச்சால் போதும். ஏன் நூலை அறுத்தவன்?”

நான் யோசித்தேன். யோசிக்கிற மாதிரி முகத்தை வைத்துக்கொண்டேன் என்பதுதான் சரி.

“உமக்கு எங்கடை ஆக்களைத் தெரியாது,” என்றார் அவர். கண்ணில் ஒரு மினுக்கம். “ஊரிலை ஆர் ஆர் என்ன தங்கம் போட்டவை எண்டு தெரியிற பை ஒண்டு, ஒரு இரவு முழுக்க ஒருத்தன்ரை கையிலை இருந்தால்? அதைத் திறந்து பாக்காமல் படுக்கிற மனுசன் இன்னும் பிறக்கேல்லை. பாத்திருக்கிறான். ஆற அமர, ஒண்டொண்டா எடுத்துப் பாத்திருக்கிறான்.”

“சரி, பார்த்தான். அதை அவன் வாயாலயே எப்படிச் சொல்ல வைக்கிறது?”

“உம்மடை மோதிரத்தைக் கழட்டும்.”

“எது?”

“சின்னிவிரலிலை கிடக்கிறது.”

“மேடம், இது எங்கம்மா மோதிரம். விமானம் ஏறும்போது போட்டுவிட்டாங்க. இதுவரைக்கும் குளிக்கக்கூடக் கழட்டினதில்லை.”

“அப்ப இண்டைக்குத்தான் நல்லா ஊத்தை போகும். தாரும்.”

சோப்புப் போட்டுத்தான் கழட்ட முடிந்தது. மெல்லிய, சாதாரணப் பெண்கள் மோதிரம். எங்கள் ஊரிலும் யாழ்ப்பாணத்திலும் ஆயிரம் விரல்களில் இருக்கும். தக்ஷாயினி பையோடு அந்தோனியார் சுரூபத்துக்கு முன்னால் போய் நின்றார். “ஒரு நிமிசம், இவரோடை தனியக் கதைக்க வேணும்,” என்றார். அண்ணாவியார் மரியாதையாகத் திரும்பி நின்றுகொண்டார். சைவக்காரி அந்தோனியாரைக் கும்பிடுகிறாளே என்று அவருக்கு உள்ளம் குளிர்ந்திருக்கும். நான் மட்டும் பார்த்தேன். கைக்குட்டை முடிச்சை லேசாகத் தளர்த்தி, கண்ணை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு, மோதிரத்தை உள்ளே நழுவவிட்டார்.

அப்போது எனக்குப் பொறி தட்டியது. வணிகன் காட்சி! விளாட் ராசா போட்ட அதே கூடுதல் காசு. நேர்மையானவன் வாயைத் திறப்பான், கள்ளன் மூடிக்கொண்டிருப்பான். இந்த அம்மா கூத்திலிருந்தே தூண்டிலை எடுத்துவிட்டார் என்று எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

ஐந்து மணிக்கு எல்லோரையும் மேடைக்குப் பின்னால் கூட்டினார். நகை கொடுத்த பெண்கள் ஒரு பக்கம். அத்தனை பேருக்கும் கை தானாகக் கழுத்துக்குப் போய் வந்தது. பக்கத்தில் நிற்கிறவளின் தோளில் தோள் படாமல், கொஞ்சம் தள்ளித் தள்ளி நின்றார்கள். வேடம் கட்டியவர்கள் இன்னொரு பக்கம். கஜரூபனுக்கு அருகில் யாரும் நிற்கவில்லை. அவனைச் சுற்றி ஒரு பாய் விரிக்கிற அளவுக்கு இடம் காலியாகக் கிடந்தது.

மேசையில் வெள்ளைத் துணி. தக்ஷாயினி கைக்குட்டையை அவிழ்த்துப் பையைக் கவிழ்த்தார்.

தங்கம் கொட்டியது. சங்கிலிகள், காப்புகள், மோதிரங்கள். பெண்கள் எல்லோரும் ஒன்றாகக் கழுத்தை நீட்டினார்கள். தங்கள் நகையைத் தேடவில்லை, மற்றவளுடையதைத் தேடினார்கள் என்று அந்தோனியார் மேல் சத்தியமாகச் சொல்வேன்.

“ஒருத்தரும் கை வைக்கக்கூடாது. பாருங்கோ. நல்லாப் பாருங்கோ,” என்றார் தக்ஷாயினி. “பொலிசைக் கூப்பிடமுன்னம் ஒண்டே ஒண்டு கேக்கிறன். இதிலை ஏதும் பிழை இருக்கோ? குறையுதோ? கூடுதோ? மனச்சாட்சி உள்ள ஆக்கள் இப்ப சொல்லலாம்.”

சொல்லிவிட்டு நேராகக் கஜரூபனைப் பார்த்தார். எல்லோருடைய கண்ணும் அந்தப் பக்கம் திரும்பியது.

கஜரூபன் மேசையைப் பார்த்தான். தக்ஷாயினியைப் பார்த்தான். உதட்டைக் கடித்தான்.

சொல்லுடா, என்று மனசுக்குள் கெஞ்சினேன். ஒண்ணு கூட இருக்குன்னு சொல்லுடா. அவன் சொல்லவில்லை. அப்படியானால் இவன்தானா? இத்தனை அழுகையும் நடிப்பா?

“பாத்தியளோ?” என்றார் ஸ்ரனிஸ்லாஸ். செல்போனை எடுத்துவிட்டார். “வாய் திறக்கிறானோ பாருங்கோ!”

“பொறுங்கோ அண்ணை.” ஜோர்ஜ் முன்னால் வந்தார். சிரித்த முகம். வணிகன் அங்கியை லேசாகப் பிடித்துக்கொண்டு, தக்ஷாயினியைப் பார்த்துத் தலையை ஆட்டினார். “தங்கச்சி கெட்டிக்காரி. எங்கடை கூத்தை வைச்சே எங்களுக்குச் சோதனை வைக்கிறா. சொல்லத்தான் வேணும். நாளைக்குச் சனம் எங்களைப் பிழையா நினைக்கக்கூடாது.” விரலை நீட்டினார். “இந்த மோதிரம் இதுக்குள்ளை இருக்கேல்லை. ஒண்டு கூட.”

அவர் விரல் என் அம்மாவின் மோதிரத்துக்கு நேராக இருந்தது.

“அதுதான் மனுசன்!” என்றார் ஸ்ரனிஸ்லாஸ். இரண்டொருவர் தலையாட்டினார்கள்.

தக்ஷாயினியும் தலையாட்டினார். “சரியாச் சொன்னியள், ஜோர்ஜ் அண்ணை. அது என்ரை உதவியாளற்றை. நான்தான் போட்டனான்.” பிறகு பெண்கள் பக்கம் திரும்பினார். “எமிலி அக்கா, உங்களுக்கு ஒண்டு கூடினது தெரிஞ்சதோ?”

“எனக்கெப்பிடித் தெரியும்? நான் என்ரை சங்கிலியை மட்டும்தானே போட்டனான். அந்த மோதிரம் வேறை ஆரோ போட்டது எண்டு நினைச்சன்.”

“மற்ற ஆக்கள்?”

ஒவ்வொருத்தியாக இல்லை என்றார்கள்.

“அண்ணாவியார்?”

“நான் கண்ணை மூடிக்கொண்டெல்லோ கட்டினனான்.”

“கஜரூபன்?”

“அக்கா, இதுக்குள்ளை என்ன இருந்ததெண்டே எனக்குத் தெரியாதே. நான் என்னத்தைச் சொல்ல?”

தக்ஷாயினி மெதுவாகத் திரும்பினார். “அப்ப ஜோர்ஜ் அண்ணை, ஒருத்தருக்கும் தெரியாத பையிலை ஒண்டு கூடினது உங்களுக்கு மட்டும் எப்பிடித் தெரிஞ்சது?”



ஜோர்ஜின் சிரிப்பு முகத்திலேயே நின்றது. எடுத்துப் போட மறந்துவிட்ட மாதிரி. “நான்… ஒரு ஊகத்திலை…”

“ஊகத்திலை கூட எண்டு சொல்லலாம். எது எண்டும் ஊகமோ? இத்தனை மோதிரத்துக்கை?”

ஜோர்ஜின் மனைவி யூலியா பெண்கள் கூட்டத்திலிருந்து வெளியே வந்தாள். குட்டையான, அமைதியான பெண். “நேற்று ராத்திரி காருக்குப் பெற்றோல் அடிக்கப் போறன் எண்டு போட்டு, கீழை கராஜுக்குள்ளை லைற்றைப் போட்டுக்கொண்டு இருந்தனீங்கள். என்ன செய்தனீங்கள்?”

ஜோர்ஜ் இடுப்புச் சுருக்குப்பையின் கயிற்றைத் திருகினார்.

“ஜோர்ஜ்!”

“நீ என்ன போட்டனி எண்டு பாக்கத்தான் திறந்தனான்!” அவர் வெடித்தார். “கழுத்து அட்டியலைப் போட்டனான் எண்டு எனக்குச் சொல்லிப்போட்டு ஒரு பொட்டு மோதிரத்தைப் போட்டிருக்கிறாய்!”

பெண்கள் பக்கம் ஒரு மூச்சு எழுந்து அடங்கியது. யூலியாவின் முகம் சிவந்தது. ஆனால் அவள் பின்வாங்கவில்லை. “ஓம். பொட்டு மோதிரம்தான் போட்டனான். களவு எடுக்கேல்லை.”

ஜோர்ஜ் நாற்காலியில் உட்கார்ந்தார். நீல அங்கி அவரைச் சுற்றிப் பொத்தென்று விழுந்தது. “நகை எனக்கு வேண்டாம். ஒரு காப்பைக்கூடத் தொடேல்லை. ஊரிலை, பாசையூரிலை, சேவகன் வேசம். இஞ்சை வந்து கட்டியகாரன். பேந்து வணிகன், வணிகன், வணிகன். ராசாவின்ரை எல்லாப் பாட்டும் எனக்குப் பாடம். நேற்று வந்த பொடியனுக்கு முடியைக் குடுக்கிறார் அண்ணாவியார். ஒரு நாள்… ஒரே ஒரு நாள் நான் அந்த முடியை வைக்க வேணும் எண்டு நினைச்சன். பொலிஸ் எண்டு நான் ஒருக்காலும் சொல்லேல்லை. தங்கச்சிக்குத் தெரியும், வேண்டாம் எண்டுதான் சொன்னனான்.”

“சொன்னனீங்கள்,” என்றார் தக்ஷாயினி. “அது உண்மை. ஆனால் ஸ்ரனிஸ்லாஸ் அண்ணை போனை எடுத்தாப்பிறகும் நீங்கள் உண்மையைச் சொல்லேல்லை. நல்லவர் மாதிரி ஒரு மோதிரத்தைத்தான் காட்டினீங்கள்.”

எனக்கு ஆத்திரமாக வந்தது. அவர் கொடுத்த தேநீரைக் குடித்தது நெஞ்சைக் கரித்தது. ஒருவனுடைய உயிர் அந்தரத்தில் தொங்கும்போது இந்த மனிதர் என்னிடம் பாட்டுப் பாடிக் காட்டியிருக்கிறார்.

ஸ்ரனிஸ்லாஸுக்கு அவமானம் கோபமாகத்தான் வரும் போலிருக்கிறது. மறுபடி போனைத் தூக்கினார். “இப்ப இவன்ரை பேரைக் குடுக்கிறன்.”

“வேண்டாம் அண்ணை.” கஜரூபன்.

எல்லோரும் திரும்பினோம்.

“பொலிஸ் வந்தால் ஆர், எவர் எண்டு எல்லாரையும் விசாரிக்கும். என்ரை பேரும் அதிலை வரும். எனக்கு எந்தப் பக்கத்தாலையும் பொலிஸ் வேண்டாம்.” அவன் ஜோர்ஜைப் பார்த்தான். அழுகை காய்ந்த முகத்தில் வண்ணம் கோடு கோடாக நின்றது. “வணிகனுக்கு வேறை ஆள் இல்லை. ஆறு மணிக்குக் கூத்து. அவர் மேடைக்கு வரட்டும். வந்து அந்தப் பாட்டைப் பாடட்டும். எனக்கு அது போதும்.”

“கஜரூபன்…” ஜோர்ஜ் எழுந்தார். “வேறை என்னவும் சொல்லு. அது மட்டும் வேண்டாம். விசயம் ஆறு மணிக்குள்ளை சனம் முழுக்கப் பரவியிடும்.”

“ஓம்,” என்றான் கஜரூபன். “பரவும்.”

அண்ணாவியார் மத்தளத்தை எடுத்து வார் இழுக்கத் தொடங்கினார். பெண்கள் தங்கத்தை ஒவ்வொன்றாக எடுத்துக் கஜரூபனுக்குப் பூட்டினார்கள். எமிலி தன் கையாலேயே சங்கிலியைப் போட்டாள். கடைசியில் ஸ்ரனிஸ்லாஸ் அவன் முன்னால் வந்து நின்றார். தொங்கிக்கொண்டிருந்த மீசையைப் பிடித்து, பெரிய கட்டைவிரலால் அழுத்தி ஒட்டினார். “இனி அழாதை. பசை நிக்காது,” என்றார். அந்த மனிதருக்குத் தெரிந்த மன்னிப்பு அவ்வளவுதான்.

என் மோதிரம்? அதுவும் ராசாவின் சின்னிவிரலுக்குப் போய்விட்டது. தக்ஷாயினி என்னைக் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் கொடுத்திருப்பேன்.

மண்டபம் நிறைந்துவிட்டது. பனிக் கோட்டுகளைக் கழட்டி மடியில் வைத்துக்கொண்டு, குனிந்து குனிந்து ஒருவர் காதில் ஒருவர் பேசினார்கள். எல்லாம் ஒரே பேச்சுத்தான் என்பது, அவர்கள் பேசிவிட்டு மேடையைப் பார்த்த விதத்திலேயே தெரிந்தது.

வணிகன் காட்சி வந்தது. ஜோர்ஜ் மேடைக்கு வந்தபோது பேச்சு நின்றது. ராசா பையை நீட்டினான். வணிகன் மண்டியிட்டு வாங்கினார். அவிழ்த்தார். பொய்க் காசுகள் இரண்டு தரையில் விழுந்தன.

*ஒன்று கூட இருக்குது மன்னா…*

அடுத்த அடி வரவில்லை. மத்தளம் ஒரு சுற்றுச் சுற்றி வந்து காத்திருந்தது. பிற்பாட்டுக்காரர் எடுத்துக் கொடுத்தார். ஜோர்ஜ் வாயைத் திறந்து, உள்ளம் கூசிச் சொல்லுகிறேன் என்பதைப் பாட்டாக இல்லாமல், பேச்சாகச் சொன்னார்.

ராசா பாட வேண்டும். பாடவில்லை. சிம்மாசனத்திலிருந்து கீழே குனிந்து பார்த்துக்கொண்டிருந்தான். மத்தளம் மறுபடி சுற்றியது.

“மேடம், மன்னிச்சிடுவானா?” என்று மெதுவாகக் கேட்டேன்.

“கழு எண்டால் மரத்திலைதான் செய்யவேணும் எண்டில்லை, அபிலாஷ். பேசாமல் பாரும்.”

கஜரூபன் எழுந்தான். ஊர்ப் பெண்களின் தங்கமெல்லாம் அவன் மேல் மின்னியது. என் அம்மாவின் மோதிரம் போட்ட கையை நீட்டி, வணிகனின் நெற்றிக்கு நேராக விரலை வைத்து, அந்தக் கணீர்க் குரலை முழுசாகத் திறந்தான்.

*உண்மை சொன்னாய் உயிர்பிழைத்தாய் – அதை*
*ஒளித்திருந்தால் கழுவிலே நீயும் கிடப்பாய்!*

ரத்தக் காட்டேரி என்று விளாட்டைச் சனம் ஏன் சொன்னது என்று அப்போதுதான் எனக்கு விளங்கியது. வணிகன் எழுந்து வணங்கிவிட்டுப் போக வேண்டும். ஜோர்ஜ் எழவில்லை. தலை தரையைத் தொட்டுக்கொண்டிருந்தது. அவர் நடிக்கவில்லை.



பிறகு முதல் வரிசையிலிருந்து ஒருவர் கை தட்டினார். ஒற்றைக் கைதட்டல், நிதானமாக, விடாமல். எட்டிப் பார்த்தேன். கண்ணை ராசாவிடமிருந்து எடுக்காமல் தட்டிக்கொண்டிருந்தது யூலியா.